வா.சா.ஆ. 6: எங்கம்மா கல்யாணப் பத்திரிகை

எங்கம்மா கல்யாணப் பத்திரிகை வீட்ல ஒன்னே ஒன்னுதான் மிச்சம் இருந்துச்சு, அதுவும் இப்ப எங்ககிட்ட இல்ல, கோர்ட்டு கட்டுக்குள்ள இருக்கு. நாலு மூலைலயும் மஞ்சள் தடவி, மேல புள்ளையார் படம் போட்டு, உள்ள ரெண்டு பக்கத்துச் சொந்தக்காரங்க பேரும் பத்தி பத்தியா இருக்கும், அதோட பின்பக்கம் ஒரு ரப்பர் ஸ்டாம்ப் அடிச்சு "வா.சா.ஆ. 6"ன்னு பேனால எழுதியிருக்காங்க. வாதி தரப்பு சான்றாவணம்னு அர்த்தம். கேஸ் முடிஞ்சிருச்சு, மனு போட்டா திரும்ப வாங்கிக்கலாம்னு வக்கீலய்யா சொன்னாரு, ஆனா நாங்க இன்னும் போடல, அம்மாவும் கேக்கல.

அந்தப் பத்திரிகைல இருக்கற தேதி 1989 பிப்ரவரி 9. அந்தத் தேதி எங்க குடும்பத்துல என்ன பாடு படுத்துச்சுன்னு எழுதணும்னு ரொம்ப நாளா நெனச்சிட்டே இருந்தேன், போன மாசம் வேற ஒரு காயிதம் கைல கெடச்சதுக்கப்பறம் எழுதாம இருக்க முடியல. அந்தக் காயிதம் பத்தி கடைசில சொல்றேன்.

எங்கம்மா பொறந்த ஊரு காங்கேயத்துக்கும் தாராபுரத்துக்கும் நடுவுல. அப்பிச்சிக்கு, அதாவது அம்மாவோட அப்பாவுக்கு, 12 ஏக்கர் பூர்வீகம், அதுல 4 ஏக்கர் கெணத்துப் பாசனத் தோட்டம், மீதி 8 ஏக்கர் கொறங்காடு, அதாவது வேலி அடைச்ச மேய்ச்சல் காடு. அதுபோக அவரே 1974ல கிரயம் வாங்கின 3 ஏக்கர், அதுலதான் சாளை, அதாவது தோட்டத்து வீடு, இருக்கு. அம்மாயி (அம்மாவோட அம்மா), மாமன், எங்கம்மா, சின்னம்மா இவ்வளவுதான் குடும்பம். மாமன் மூத்தவரு. அவரு கல்யாணத்துல இணைச்சீர், அதாவது மாப்பிள்ளையோட கூடப்பொறந்தவ செய்யற சீர், செஞ்சது எங்கம்மாதான், அந்த போட்டோ இன்னும் மாமன் வீட்டு ஹால்ல மாட்டியிருக்கு, கேஸ் நடந்த இத்தனை வருசத்துலயும் அதை யாரும் கழட்டல.

அப்பிச்சி 2003ல தவறிட்டாரு. உயில் கியில் ஒன்னும் எழுதல. எங்க பக்கம் உயில் எழுதறதை ஏதோ சாவைக் கூப்பிட்டு ஒக்கார வெக்கற மாதிரி நெனைப்பாங்க. கருமாதி முடிஞ்ச கையோட மாமன் ஒரு வார்த்தை போட்டு வெச்சாரு, "ரெண்டு பேரும் ஒரு நாளைக்கு ரிஜிஸ்டர் ஆபீஸ் வந்து விடுதலை எழுதிக் குடுத்துட்டுப் போயிருங்கம்மிணி, பட்டா மாத்தோணும்"னு. விடுதலைன்னா பங்கு வேண்டாம்னு எழுதிக் குடுக்கற பத்திரம். கேட்டது அவ்வளவுதான். கோபமா எல்லாம் கேக்கல, சோறு போட்டுட்டு எலை எடுக்கச் சொல்ற மாதிரி சாதாரணமாத்தான் கேட்டாரு. அம்மாவும் சின்னம்மாவும் சரின்னும் சொல்லல, மாட்டேன்னும் சொல்லல.

அப்பறம் காத்தாடிக் கம்பெனிக்காரங்க, காத்துல கரண்டு எடுக்கறவங்க, வந்தாங்க. தாராபுரம், உடுமலைப் பக்கம் காத்து நல்லா வரும், அந்த சமயத்துல புரோக்கருங்க ஊரு ஊரா சுத்தீட்டு இருந்தாங்க, அதுவரைக்கும் மாடு மேயறதுக்கு மட்டும்னு இருந்த கொறங்காட்டுக்கு திடீர்னு வெலை வந்துருச்சு. மாமன் 2006ல 2 ஏக்கர் கொறங்காட்டை எழுதிக் குடுத்துட்டாரு. பட்டா எப்படி அவரு பேர்ல இருந்துச்சுன்னு கேட்டா, அப்பிச்சி இருக்கும்போதே 1998ல வாய்மொழியா பாகம் பிரிச்சுட்டோம்னு விஏஓகிட்ட எழுதிக் குடுத்து மாத்தியிருக்காரு. பட்டா இருந்தா சொத்து அவங்களதுன்னு நெறைய பேரு இன்னும் நெனச்சிட்டு இருக்காங்க, அப்படி இல்லீங்க, பட்டாங்கறது வருவாய்த்துறைக் கணக்கு, உரிமை எங்கிருந்து வருதுன்னு தாய்ப்பத்திரத்தைத்தான் பாக்கணும். நெலப் பதிவேட்டைப் புதுசா எழுதின யுடிஆர் சமயத்துல பேரு மாறிப்போன பட்டாவைக் கட்டீட்டு இன்னைக்கும் அலையற குடும்பம் எங்க தாலுகாலயே எத்தனையோ இருக்கு.

காத்தாடி நட்டப்பறம்தான் சின்னம்மாவுக்கு விசயம் தெரிஞ்சுது, அதுவும் பஸ்ல போகும்போது ஜன்னல் வழியாப் பார்த்து. அன்னைக்கு ராத்திரி ரெண்டு பேரும் போன்ல பேசினது எனக்கு ஞாபகம் இருக்கு, நான் அப்ப பிளஸ் ஒன். "கேக்காம வித்துட்டாங்களே"ன்னு சின்னம்மா அழுவறாங்க, எங்கம்மா ஒன்னுமே பேசாம போனைப் புடிச்சிட்டு நிக்கறாங்க. 2007ல பாகப்பிரிவினை தாவா போட்டாங்க. வாதி எங்கம்மாவும் சின்னம்மாவும், முதல் பிரதிவாதி மாமன், ரெண்டாவது அம்மாயி, மூணாவது அந்தக் கம்பெனி. பெத்த தாயைப் பிரதிவாதியாப் போட்டதுக்கு ஊர்ல பேசாத பேச்சில்ல. பங்குதாரர் எல்லாரையும் சேர்த்தே ஆகணும், ஒருத்தரை விட்டாலும் கேஸ் நிக்காது, அதுக்குத்தான் அம்மாயி பேரும் போட்டதுன்னு எத்தனை தடவ சொன்னாலும் யாரு கேக்கறாங்க.

இப்ப தேதிக்கு வர்றேன்.

எங்க வக்கீலய்யா மொத நாளே அம்மாகிட்ட கேட்ட கேள்வி, "உங்களுக்குக் கல்யாணம் எப்பங்க?" அம்மாவுக்கு ஒன்னும் புரியல, சொத்துக் கேஸுக்கு கல்யாணத் தேதி எதுக்குன்னு. அவரு ஒரு பழைய டைரியோட பின்பக்கத்துல கோடு போட்டு வெளக்கினாரு, நானும் பக்கத்துல நின்னு பார்த்தேன். அன்னைக்கு முழுசாப் புரியல, ஆனா அதுக்கப்பறம் 13, 14 வருசம் அதே கணக்கைத்தான் திரும்பத் திரும்பப் போட்டோம், இப்ப தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவேன்.

1956ல வந்த இந்து வாரிசுரிமைச் சட்டப்படி அப்பன் சொந்தமா வாங்கின சொத்துல, உயில் இல்லாம செத்துட்டா, பொண்டாட்டி, பையன், பொண்ணு, செத்தவரோட அம்மா உசுரோட இருந்தா அவங்க, எல்லாருக்கும் சரிசமப் பங்கு. இதுல எந்த வில்லங்கமும் இல்ல. அந்த 3 ஏக்கர்ல நாலு பேருக்கும் கால் கால்னு மாமன் வக்கீலே ஒத்துக்கிட்டாரு. வில்லங்கம் எல்லாம் பூர்வீகத்துலதான். பூர்வீகத்துல ஆம்பளைப் பையன் பொறக்கும்போதே பங்கோட பொறக்கறான், பொண்ணு அப்படிப் பொறக்கறதில்ல, இதுதான் பழைய கணக்கு. அப்பன் செத்த அன்னைக்கு, அப்பனும் பையனும் பாகம் பிரிச்சுக்கிட்ட மாதிரி ஒரு கற்பனைக் கணக்கு போட்டு, அப்பனுக்கு வர்ற பாதியை மட்டும் எல்லா வாரிசும் பங்கு போட்டுக்கணும். எங்க 12 ஏக்கர்ல மாமனுக்குப் பொறப்புல 6, அப்பிச்சியோட 6 ஏக்கர் நாலாப் பிரிஞ்சு ஆளுக்கு ஒன்றரை. ஆக எங்கம்மாவுக்கு ஒன்றரை ஏக்கர், மாமனுக்கு ஏழரை.

இதை மாத்தத்தான் தமிழ்நாட்டுல கலைஞர் ஆட்சில ஒரு திருத்தம் கொண்டு வந்தாங்க, பொண்ணுகளும் பையன் மாதிரியே பொறப்புலயே பங்குதாரர்னு. பொண்ணுகளுக்கும் சம சொத்துரிமை வேணும்னு 1929ல செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டுல தீர்மானம் போட்டது நம்ம ஈரோட்டுக்காரரு பெரியார், அது சட்டமாக 60 வருசம் ஆச்சு. சட்டம் அமலுக்கு வந்த தேதி 1989 மார்ச் 25. (சட்டசபைல பெரிய ரகளை நடந்துச்சே, ஜெயலலிதா சேலையை இழுத்தாங்கன்னு இன்னைக்கு வரைக்கும் பேசறாங்களே, அதுவும் அதே நாள்தான்.) ஆனா அதுல ஒரு வரி இருக்கு, அந்தத் தேதிக்கு முன்னாடியே கல்யாணம் ஆன பொண்ணுகளுக்கு இது பொருந்தாது.

சின்னம்மா கல்யாணம் 1991. எங்கம்மா கல்யாணம் 1989 பிப்ரவரி 9.

44 நாள். ஒரு மண்டலம்கூட முழுசா இல்ல. அப்பிச்சி வைகாசில வெச்சுக்கலாம்னுதான் சொல்லியிருக்காரு, எங்க ஆத்தாதான், அதாவது அப்பாவோட அம்மா, தை மாசம் தாண்டக்கூடாதுன்னு புடிவாதம் புடிச்சு கடைசி முகூர்த்தத்துல முடிச்சிருக்காங்க. இது தெரிஞ்சதுல இருந்து எங்கம்மா ஆத்தா போட்டோவைப் பார்த்து ஒரு மாதிரி சிரிப்பாங்க.

இதுல கொடுமை என்னன்னா, அந்தச் சட்டத்தால எங்கம்மா பங்கு இருந்ததை விடக் கொறைஞ்சு போச்சு. எப்படின்னு பாருங்க, சின்னம்மா இப்ப பங்குதாரர், அப்பிச்சி, மாமன், சின்னம்மா மூணு பேருக்கும் ஆளுக்கு 4 ஏக்கர். அப்பிச்சியோட 4 ஏக்கரை நாலு வாரிசு பிரிச்சா ஆளுக்கு ஒன்னு. சின்னம்மாவுக்கு 5, மாமனுக்கு 5, அம்மாயிக்கு 1, எங்கம்மாவுக்கு 1. பொண்ணுகளுக்கு உரிமை குடுக்க வந்த சட்டம் அக்காகிட்ட இருந்து அரை ஏக்கரைப் புடுங்கி தங்கச்சிக்குக் குடுத்த கணக்கு இது. வக்கீலய்யா இதைச் சொன்னப்ப ரெண்டு பேரும் ஒருத்தர ஒருத்தர் பாக்கல. ஒரே வழக்குல ஒரே பக்கம் ஒக்காந்திருக்கற அக்கா தங்கச்சிக்கு நடுவுலயே ஒரு வாய்க்கா வெட்டினாப்ல ஆயிருச்சு.

அப்பறம் 2005ல மத்திய அரசு திருத்தம், செப்டம்பர் 9ல இருந்து அமல், இதுல கல்யாணம் ஆச்சா ஆகலையாங்கற பேச்சே கெடையாது, பொண்ணும் பங்குதாரர் அவ்வளவுதான். எங்க கேஸு 2007ல போட்டது, அப்ப இதுதான பொருந்தணும்னு எங்காளு வாதாடினாரு. அதெப்படி, அப்பன் 2003லயே செத்துட்டாரு, சட்டம் வரும்போது அப்பனே இல்லைங்கறப்ப மகளுக்கு எங்கிருந்து பங்குன்னு அவங்க வக்கீலு. இந்த ஒரு கேள்விக்கு பதில் வர்றதுக்கு இந்த நாட்டுக்கே 15 வருசம் ஆச்சுங்க.

சாட்சி சொன்ன நாளை மட்டும் கொஞ்சம் சொல்லியாகணும். எங்கம்மா அதுக்கு முன்னாடி கோர்ட்டு படி ஏறினதில்ல. மாமன் வக்கீலு குறுக்கு விசாரணைல, உங்களுக்குக் கல்யாணத்துக்கு எத்தனை பவுன் போட்டாங்கன்னு ஆரம்பிச்சாரு. "25 பவுனுங்க." பாத்திரம் பண்டம்? "குடுத்தாங்க." மாடு? "ஒரு காங்கேயம் பசுவும் கன்னும் குடுத்தாங்க." அப்ப உங்க பங்கு உங்களுக்கு வந்துருச்சுல்லன்னாரு. அம்மா கொஞ்ச நேரம் சும்மா நின்னுட்டு, "எங்கண்ணன் கல்யாணத்துல இணைச்சீர் செஞ்சேனுங்க, அதுக்கு எனக்குச் சேலை எடுத்துக் குடுத்தாங்க, அதையும் பங்குல கழிச்சுக்குங்க"ன்னாங்க. டைப் அடிக்கற அம்மா நிமிர்ந்து பார்த்தாங்க. சீரு வேற பங்கு வேற, கல்யாணத்துக்குச் செஞ்சதை வெச்சு வாரிசுரிமை போயிராதுன்னு சட்டத்துல தெளிவா இருக்கு, ஆனா நான் பார்த்த முக்காவாசி கேஸ்ல மொதக் கேள்வி இந்தப் பவுன் கணக்குதான்.

அன்னைக்குத்தான் அந்தக் கல்யாணப் பத்திரிகையை மார்க் பண்ணினாங்க. அம்மா கல்யாணம் எப்போங்கறதுக்கு ஆதாரமா எங்க பக்கமே குடுத்தது, எங்களுக்கே எதிரா வேலை செஞ்சுது.

வாய்தா கதையெல்லாம் எல்லாரும் கேட்டதுதான், அதை நீட்டல. ஜட்ஜு மாத்தல், வக்கீலுங்க பாய்காட், கம்பெனி தரப்பு பதிலுரை போடலைன்னு எக்ஸ்பார்ட்டி (அவங்க இல்லாமலே ஒருதலையா உத்தரவு), அப்பறம் அதை ரத்து பண்ண ஒரு ஐ.ஏ. (இடைமனு), இப்படியே 5 வருசம். ஒன்னே ஒன்னு சொல்றேன். எங்க ஊருக்கும் மாமன் ஊருக்கும் கோர்ட்டு இருக்கற டவுனுக்கும் காலைல ஒரே பஸ்ஸுதான். வாய்தா அன்னைக்கு மாமன் முன்னாடி ஸ்டாப்லயே ஏறி டிரைவருக்குப் பின்னாடி சீட்ல ஒக்காந்திருப்பாரு, நாங்க பின் படில ஏறி கடைசில ஒக்காருவோம், ரெண்டு பக்கமும் ஜன்னலையே பாத்துட்டுப் போவோம். ஒரு நாள் கண்டக்டர்கிட்ட அம்மா காசை நீட்டறாங்க, அவரு வாங்காம "முன்னாடி உங்கண்ணன் எடுத்துட்டாருங்க"ன்னுட்டுப் போயிட்டாரு. அதுக்கப்பறம் கேஸ் முடியற வரைக்கும், ரெண்டு பேரும் ஒரே பஸ்ல போன எல்லா வாய்தாவுக்கும் டிக்கெட் மாமன்தான். எறங்கினதும் அவரு அவரு வக்கீல்கிட்ட, நாங்க எங்க வக்கீல்கிட்ட.

2012ல முதல்நிலைத் தீர்ப்பாணை, அதாவது யாருக்கு எவ்வளவு பங்குன்னு மட்டும் சொல்ற தீர்ப்பு, வந்துச்சு. வாய்மொழி பாகம்ங்கறதை நம்பல, ஆனா அப்பிச்சி 2003லயே இறந்ததால மத்திய சட்டம் பொருந்தாது, மாநிலச் சட்டம்தான்னு சொல்லிட்டாங்க. சின்னம்மாவுக்கு 12ல 5, எங்கம்மாவுக்கு 12ல 1. மாமன் அப்பீல் போனாரு, நாங்களும் எதிர் அப்பீல் போனோம். சின்னம்மா இதோட தாராளமா நின்னுக்கலாம், வந்த பங்கு போதும். எங்கம்மா அப்பீல் ஜெயிச்சா சின்னம்மா பங்கு கொறையும். ஆனாலும் சின்னம்மா அப்பீல் செலவுல பாதி குடுத்தாங்க. ஏன்னு நான் கேட்டப்ப, "ஒங்கம்மா பத்திரிகைல என்ற பேரும் போட்டிருக்குல்ல"ன்னாங்க. போட்டுத்தான் இருந்துச்சு, அந்தப் பத்திரிகைல தங்கை லிஸ்ட்ல.

அப்பீல் நிலுவைல இருக்கும்போதே டில்லில உச்சநீதிமன்றத்துல மாறி மாறித் தீர்ப்பு. 2015 அக்டோபர்ல பிரகாஷ் எதிர் பூலாவதின்னு ஒரு வழக்குல, 2005 செப்டம்பர் 9 அன்னைக்கு அப்பனும் உசுரோட இருக்கணும், மகளும் உசுரோட இருக்கணும், அப்பத்தான் பங்குன்னாங்க. எங்க வக்கீலய்யா போன்ல சொன்ன கொரல்லயே தெரிஞ்சுது. அம்மா "சரி விடுங்க"ன்னு மாட்டுக்குத் தண்ணி காட்டப் போயிட்டாங்க. அடுத்த வருசம் அம்மாயியும் போயி சேந்தாங்க. எழவு வீட்ல அண்ணனும் தங்கச்சிகளும் ஒன்னா ஒக்காந்து அழுதாங்க, பதினாறாம் நாள் முடிஞ்சதும் மறுபடி பஸ்ல முன் சீட்டு பின் சீட்டுதான். 2018 பிப்ரவரில தானம்மா வழக்குல வேற மாதிரி, அதுல அப்பன் 2001லயே செத்தவரு, ஆனாலும் மகள்களுக்குப் பங்கு குடுத்துட்டாங்க. ரெண்டுமே ரெண்டு நீதிபதி சொன்ன தீர்ப்பு. இப்ப எதைப் புடிக்கறது? அப்பீல் கோர்ட்டும் பெரிய பெஞ்சு தீர்ப்பு வரட்டும்னு தள்ளித் தள்ளி வெச்சாங்க.

2020 ஆகஸ்ட் 11, கொரோனா லாக்டவுன், நான் திருப்பூர்ல பனியன் கம்பெனி வேலை இல்லாம வீட்ல கெடந்தேன். சின்னம்மா போன் பண்ணி "டிவி போடு கண்ணு"ன்னாங்க. வினிதா சர்மா எதிர் ராகேஷ் சர்மா, மூணு நீதிபதி. மகளுக்குப் பங்கு பொறப்புலயே வர்றது, அதனால 2005ல அப்பன் உசுரோட இருந்தாரா இல்லையாங்கறது கேள்வியே இல்ல. கற்பனைக் கணக்குல பாகம் போட்டதை வெச்சு நெஜமாவே பாகம் ஆயிருச்சுன்னு சொல்ல முடியாது, முதல்நிலைத் தீர்ப்பாணை வந்திருந்தாலும் கேஸ் நடந்துட்டு இருந்தா மகளுக்குச் சம பங்கு குடுக்கணும். 2004 டிசம்பர் 20க்கு முன்னாடி பதிவு பண்ணின பத்திரம் வழியாவோ கோர்ட்டு தீர்ப்பு வழியாவோ பாகம் ஆகியிருந்தா மட்டும் அதைத் தொட முடியாது. வாயால பிரிச்சோம்னு சொன்னாப் போதாது, அபூர்வமா அரசாங்க ஆவணமே அதுக்குப் பக்கபலமா இருந்தா மட்டும் பார்ப்பாங்க. அந்தக் கடைசி வரியைக் கேட்டப்ப எனக்கு மாமன் மூஞ்சிதான் ஞாபகம் வந்துச்சு.

2021ல அப்பீல் தீர்ப்பு. அப்பிச்சி, மாமன், அம்மா, சின்னம்மா நாலு பேருக்கும் ஆளுக்கு 3 ஏக்கர், அப்பிச்சியோட 3 ஏக்கர் மறுபடி நாலாப் பிரிஞ்சு முக்கால் முக்கால், அம்மாயி பங்கு அவங்க போனதால மூணு பேருக்கும். கூட்டிப் பாருங்க, ஆளுக்கு சரியா 4 ஏக்கர். 14 வருசம் 8ல 1, 12ல 1, 16ல 5ன்னு பின்னக் கணக்காப் போட்டு கடைசில வந்து நின்னது மூணுல ஒன்னு, அதாவது மூணு கொழந்தை இருக்கற வீட்ல எந்தத் தாயும் பலகாரத்தைப் பிரிக்கற கணக்கு.

இந்த எடத்துல ஒரு விசயம், தாத்தா சொத்துன்னாலே பேரனுக்கு உரிமைன்னு நம்மூர்ல ஆளாளுக்குச் சொல்லுவாங்க. எல்லா தாத்தா சொத்துக்கும் அப்படி இல்ல. எங்க 12 ஏக்கர் அப்பிச்சியோட அப்பாரு 1949ல, அதாவது 1956க்கு முன்னாடியே இறந்து வழிவழியா வந்தது, 1961ல பங்காளிகளோட ரிஜிஸ்டர் பாகப்பத்திரம் ஆச்சு, அதனால பூர்வீகம். தாத்தா சொந்தமா சம்பாரிச்சு வாங்கி 1956க்கு அப்பறம் உயில் இல்லாம இறந்திருந்தா, அது அப்பனுக்கு வாரிசா வந்த தனிச் சொத்து, அப்பன் இருக்கும்போது பேரன் போயி பங்கு கேக்க முடியாது, இதை 1986லயே உச்சநீதிமன்றம் சந்தர் சென் வழக்குல சொல்லியாச்சு. அதே மாதிரி 1956க்கு முன்னாடி பொண்ணுகளுக்கு ஒன்னுமே கெடையாதுன்னும் சொல்லுவாங்க. 2022 ஜனவரில அருணாசல கவுண்டர் எதிர் பொன்னுசாமின்னு தமிழ்நாட்டு வழக்கு ஒன்னு, சொத்து 1938ல கோர்ட்டு ஏலத்துல எடுத்தது. சொந்தமா வாங்கின சொத்துக்கு ஒரே மகள் இருக்கும்போது அண்ணன் தம்பி பையனுக்குப் போகாது, பழைய இந்து சட்டத்துலயே மகளுக்கு அந்த உரிமை இருந்துச்சுன்னு தீர்ப்பு. கீழ்கோர்ட்டு 1994லயும் ஹைகோர்ட்டு 2009லயும் தள்ளுபடி பண்ணினது அது. அதைப் படிச்சப்ப எங்க 14 வருசம் ஒன்னும் பெருசில்லன்னு தோணுச்சு.

சரி, தீர்ப்பு வந்துருச்சு, ஆனா எந்த 4 ஏக்கர்? அதுக்குத்தான் இறுதித் தீர்ப்பாணை மனு, நெலத்தை நேர்ல பார்த்து அளக்க கோர்ட்டு அனுப்பற வக்கீல் கமிஷனர். 2022 கடைசில ஒரு சின்ன வயசு வக்கீலம்மா கமிஷனரா சர்வேயரோட வந்தாங்க. தோட்டத்தை அளந்தாங்க, தென்னை எண்ணினாங்க, கெணத்துல எட்டிப் பார்த்தாங்க. கொறங்காட்டுக்கு வந்ததும் நாலாபக்கமும் பார்த்துட்டு சர்வேயர்கிட்ட "தரிசுன்னு எழுதிக்கலாமா"ன்னாங்க.

"தரிசில்லீங்க, கொறங்காடு!"

சொன்னது யாருன்னா, எங்கம்மாவும் மாமனும், ஒரே நேரத்துல. அப்பறம் ரெண்டு பேரும் மாத்தி மாத்தி அந்தம்மாவுக்கு வெளக்கறாங்க, இது கிளுவை வேலிங்க, எங்கப்பா நட்டது, இது கொழுக்கட்டைப் புல்லு, மழை பேஞ்சா தானா தழையும், வெள்வேலாங்காயி ஆடு மாடு திங்கும், வருசத்துக்கு இத்தனைன்னு மேய்ச்சலுக்கு ஏலம் போகுங்க, தரிசுன்னு எழுதினா எப்படி. மாமன் "அம்மிணி, அந்த வடக்கால வேலி எந்த வருசம் அடைச்சது"ன்னு கேக்கறாரு, அம்மா "நான் எட்டாவது படிக்கறப்பங்கண்ணா"ங்கறாங்க. 15 வருசத்துல ரெண்டு பேரும் நேருக்கு நேரா பேசின மொத வார்த்தை அதுதான். கமிஷனரம்மா குனிஞ்சு தரிசை அடிச்சுட்டு கொறங்காடுன்னு எழுதினாங்க, எழுத்துக்கூட்டி.

அதுக்கப்பறம் அத்தனை சிக்கல் இல்ல. காத்தாடிக் கம்பெனிக்கு வித்த 2 ஏக்கரை மாமன் பங்குலயே கழிச்சுக்கறதுன்னு பேசினோம், கோர்ட்டும் முடிஞ்சவரைக்கும் வித்தவரோட பங்குலதான் அதைச் சேர்த்து விடும். கெணறு ஒன்னுதான் இழுத்துச்சு. நெலத்தை வெட்டலாம், கெணத்தை எப்படி வெட்டறது? மூணு பங்கு, முறை வெச்சுத் தண்ணி, ஆளுக்கு ஒரு நாள், வெளிய போக வர 12 அடி வண்டித்தடம், இதெல்லாம் எழுதியாச்சு. கரண்டு சர்வீஸ் இன்னும் அப்பிச்சி பேர்லதான் இருக்கு, இலவச மின்சாரம், பேரு மாத்தப் போயி எங்க அதை நிறுத்திருவாங்களோன்னு மூணு பேருக்கும் பயம், அதனால செத்து 20 வருசம் கழிச்சும் அப்பிச்சிதான் தண்ணி எறைச்சிட்டு இருக்காரு. 2023ல லோக் அதாலத்ல ராஜி. அதுக்கு மேல யாரும் அப்பீல் போக முடியாது. இப்ப இருக்கற கணக்குப்படி குடும்பத்துக்குள்ள பாகப்பத்திரம் போட்டா மதிப்புல 1 சதவீதம், ஒரு பங்குக்கு அதிகபட்சம் 40,000 ரூபா முத்திரைத்தீர்வை, பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 10,000. 2023 ஜூலைக்கு முன்னாடி அது 25,000மும் 4,000மும்தான். நாங்க 16 வருசத்துல பஸ் டிக்கெட்டுக்கு, இல்ல, மாமன் பஸ் டிக்கெட்டுக்கு மட்டுமே எவ்வளவு போட்டிருப்பாருன்னு தெரியல.

இப்ப அந்த இன்னொரு காயிதம்.

பிராய்லர் கோழிக்கு ஷெட் போடலாம்னு பேங்க்ல லோன் கேட்டிருந்தேன், எங்கப்பா நெலத்து மேல. 30 வருசத்து வில்லங்கச் சான்று வேணும்னாங்க. ஆன்லைன்ல போட்டு எடுத்தேன், சும்மா மேலோட்டமாப் பார்த்துட்டு வரும்போது 1996ல ஒரு பதிவு. ஆவணத்தின் தன்மை, விடுதலை. கைமாற்றுத் தொகை 5,000. எழுதிக் கொடுத்தவர் எங்கத்தை, எழுதி வாங்கினவர் எங்கப்பா. ஆறேகால் ஏக்கர் பூர்வீகம்.

அத்தை கல்யாணம் 1993ல. மார்ச் 25, 1989க்கு அப்பறம். எங்கம்மாவுக்கு 44 நாள்ல போன உரிமை, அத்தைக்கு யாரும் கேக்காமலே சட்டப்படி முழுசா இருந்திருக்கு, அதை அவங்க எழுதிக் குடுத்துட்டுப் போயிருக்காங்க. எங்கம்மா கேஸ் நடந்த 16 வருசமும் எங்கப்பா அம்மாவுக்குத் தொணையா நின்னாரு, வக்கீல் பீஸுக்கு மாடு வித்தாரு, மாமனைத் திட்டாத நாளில்ல. இந்தப் பத்திரம் எங்க வீட்டு பீரோல எங்கியோ இத்தனை நாளும் இருந்திருக்கு. பதிவு பண்ணின விடுதலை, கையெழுத்து சரியா இருக்கு, 28 வருசம் ஆச்சு, சட்டப்படி கேள்வி கேக்க முடியாதுன்னு எங்க வக்கீலய்யாகிட்ட கேட்டே தெரிஞ்சுக்கிட்டேன். அவரு போனை வெக்கறதுக்கு முன்னாடி "யாரு கேஸுப்பா இது"ன்னாரு, எங்க ஊர்ல ஒருத்தருதுன்னு சொல்லிட்டேன்.

அன்னைக்கு ராத்திரி சாப்பிடும்போது கேட்டேன், "ஏனுங்கப்பா, அத்தை எதுக்கு விடுதலை எழுதிக் குடுத்தாங்க?"

அப்பா தட்டைப் பார்த்துட்டே, "அவளே சந்தோசமா வந்து போட்டுக் குடுத்தா, நாங்க யாரும் வற்புறுத்தல"ன்னாரு.

அடுப்படில தோசை ஊத்தீட்டு இருந்த எங்கம்மா திரும்பாமயே சொன்னாங்க, "எங்கண்ணனும் கூண்டுல ஏறி அதையேதான் சொன்னாங்க."

அப்பா அடுத்த தோசை வேண்டாம்னுட்டு எந்திரிச்சுட்டாரு. லோன் பாரத்துல நான் இன்னும் கையெழுத்துப் போடல. மாரியம்மன் நோம்பிக்கு வர்ற புதன்கெழமை அத்தை வர்றாங்க, சேலை எடுக்கணும்னு அப்பா நேத்து காங்கேயம் போனாரு, எப்பவும் எடுக்கறதை விட வெலை ஜாஸ்தியா ஒன்னு எடுத்துட்டு வந்து பீரோல வெச்சிருக்காரு.